இருட்டில் கசியும் பிசின்

நான் ஒரு செயலியில் தொடர்கதை எழுதுகிறேன். ராஜா, ராணி, பேசும் மலை, பறக்கும் ஆமை எல்லாம் வரும். திண்டிவனத்தில் உட்கார்ந்துகொண்டு ஆமையைப் பறக்கவிடுகிறவளுக்கு மூளை இருக்குமா என்று என் வீட்டுக்காரர் கேட்பார். கேட்டுவிட்டுப் போகட்டும். படிக்கிறவர்கள் இருக்கிறார்கள், எழுதுகிறேன்.

அந்தக் கதையில் வானப்பிசின் என்று ஒன்றை உண்டாக்கினேன். மலை உச்சியில் ஒரே ஒரு மரம். நன்றாக இருட்டிய பிறகுதான் அதன் பட்டையில் நீல நிறத்தில் அந்தப் பிசின் கசியும். விடிந்தால் காற்றோடு போய்விடும், எடுத்துவைக்க முடியாது. நாக்கில் ஒரு சொட்டு பட்டால் போகிற உயிர் திரும்பும். இளவரசிக்கு உயிர் போய்க்கொண்டிருக்கிறது. பிசின் வந்துவிட்டது. கிண்ணத்தை வைத்துக்கொண்டு ராணி, அதாவது இளவரசியின் அம்மா, பக்கத்தில் நிற்கிறாள். அந்த இடத்தில் 'தொடரும்' போட்டேன்.

ஒரு வாசகி கீழே கேட்டிருந்தார். இந்த நாட்டில்தான் இருட்டிய பிறகு யாரும் எதுவும் சாப்பிடுவதில்லையே, இளவரசி இதை எப்படிச் சாப்பிடுவாள்?

எனக்குத் தலையும் புரியவில்லை வாலும் புரியவில்லை. அப்படி நான் எங்கே எழுதினேன்? முதல் அத்தியாயத்திலிருந்து புரட்டினேன். அட கண்றாவியே! அரண்மனை விருந்து வெயில் இருக்கும்போதே முடிந்துவிடுகிறது. தாகத்தில் நாக்கு வறண்டு வரும் தளபதி, தண்ணீரைத் துணியில் வடிகட்டிக் குடிக்கிறான். அரக்கன்கூட சூரியன் இறங்குவதற்குள் அவசரமாகச் சாப்பிட்டுவிட்டுத்தான் ஊரை அழிக்கக் கிளம்புகிறான். இத்தனை காடும் மலையும் இருந்தும் யாரும் ஒரு துளி தேன் தொடவில்லை.

நாங்கள் சமணர்கள், வாய்க்குள் போகிற எதிலும் ஒரு பூச்சிகூடச் சாகக் கூடாது. செஞ்சிப் பக்கம், வல்லத்தை ஒட்டி எங்கள் ஊர். அம்மா எந்த வீட்டில் இருந்தாலும் குழாய் வாயில் வெள்ளைத் துணி கட்டியிருக்கும், விளக்கு வைப்பதற்குள் அடுப்படியைக் கழுவியாகிவிடும், தேன் உள்ளே வராது. கல்யாணத்துக்குப் பிறகு நான் இதையெல்லாம் விட்டுவிட்டேன். ராத்திரி பரோட்டா தின்கிறவள் நான். விட்டுவிட்டேன் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அப்பா போன பிறகு அம்மா என்னோடுதான் இருக்கிறாள். சர்க்கரை வியாதி. ஐந்து மணிக்கெல்லாம் சாப்பிட்டு மாத்திரையும் போட்டுக்கொண்டால், பிறகு மறுநாள் வெயில் வரும்வரை பச்சைத் தண்ணீர் கிடையாது. போன மாதம் ஒரு நாள் விளக்கு வைத்த பிறகு அவளுக்குக் குப்பென்று வேர்த்தது, கை நடுங்கியது, பேச்சு குழறியது. சர்க்கரைத் தண்ணீரை நீட்டினேன். பல்லைக் கடித்துக்கொண்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். கெஞ்சினேன், திட்டினேன், ஒன்றும் நடக்கவில்லை. ஆட்டோவில் தூக்கிப்போட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினோம். நரம்பில் குளுக்கோஸ் ஏற்றியதும் எழுந்து உட்கார்ந்தாள். ஊசி வழியாக ஏற்றினால் அது சாப்பிட்டதாகுமா என்று என்னைக் கேட்டாள். எனக்கு என்ன தெரியும்?

அவள் வழக்கமாகப் பார்க்கிற விழுப்புரம் டாக்டர் மாத்திரையைக் குறைத்து எழுதினார். அப்படியும் சர்க்கரை இறங்கலாம் என்றார். நினைவு இருக்கும்போதே வாயில் சர்க்கரையைப் போடாமல் வேடிக்கை பார்த்தால் அடுத்த முறை ஆள் மிஞ்சமாட்டார் என்று என்னைத்தான் கடிந்துகொண்டார். பக்கத்தில் உட்கார்ந்து அம்மாவும் கேட்டுக்கொண்டிருந்தாள்.

அம்மாவுக்குக் கண் மங்கல். அத்தியாயங்களை நான்தான் படித்துக் காட்டுவேன். வாசகி கேட்டதைச் சொல்லி, நீயே சொல்லு, இளவரசியை என்ன செய்வது என்றேன். அவரைக்காய்க்கு நார் உரித்தபடி விசாரணையை ஆரம்பித்தாள். பிசினில் எறும்பு, பூச்சி ஒட்டிச் சாகுமா? சாகாது என்றேன். மரத்தை வெட்டுகிறார்களா? இல்லை, தானாகக் கசிகிறது என்றேன்.

"அந்தப் பொண்ணு வாயத் தொறந்து கேக்கக் கூடாது. கேட்டா விரதம் போயிடும்" என்றாள். "பெத்தவதான கையில வெச்சிக்கினு நிக்கிறா? அவ போட்டுடட்டும். பாவம் போட்டவளுக்கு."

கதைக்குச் சொல்கிறாளா, எனக்குச் சொல்கிறாளா? போடு என்கிறாளா, பாவம் வரும், போடாதே என்கிறாளா? வாய்விட்டுக் கேட்டேன். பால் வந்துவிட்டதா பார் என்றாள்.

நாலைந்து நாள் அந்த அத்தியாயத்தை எழுதுவதும் அழிப்பதுமாக இருந்தேன். அப்புறம் ஒரு சாயங்காலம், விளக்கு வைத்துக் கொஞ்ச நேரத்தில், அம்மா நாற்காலியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். நெற்றியெல்லாம் வேர்வை. உட்காரவைத்துவிட்டு குளுக்கோஸ் பொடியை எடுத்துக்கொண்டு ஓடிவந்தேன். எனக்குப் பயமாக இருந்தது. நினைவோடுதான் இருந்தாள். கரண்டியைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். பல்லைக் கடிப்பாள் என்று நினைத்தேன். கண்ணை இறுக்கி மூடிக்கொண்டாள். வாய் கொஞ்சம் திறந்திருந்தது.

போட்டேன். விழுங்கினாள். இன்னொரு கரண்டியும் போட்டேன். அதையும் விழுங்கினாள். வேர்வை அடங்கும்வரை கண்ணைத் திறக்கவே இல்லை.

விடிந்ததும் கோதுமை ரவை உப்புமா கிளறி எடுத்துப்போனேன். தட்டைத் தள்ளிவைத்தாள். இன்றைக்கு உபவாசமாம். எனக்கு வந்ததே கோபம். நேற்றுத்தான் உயிர் தப்பினாய், இன்றைக்குப் பட்டினி கிடந்தால் மறுபடியும் இறங்காதா, என்னதான் நினைத்துக்கொண்டிருக்கிறாய் என்று கத்தினேன்.

"ராணிக்குப் பாவம் வரக் கூடாது இல்ல? அதான் நான் கழிச்சிக்கினு இருக்கேன்" என்றாள்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. என் பாவத்துக்கு அவள் பட்டினி, அவள் பட்டினிக்கு மறுபடியும் நான் கரண்டியோடு ஓட வேண்டும், அந்தப் பாவத்துக்கு அவள் மறுபடியும் பட்டினி. இந்தப் பேஜாருக்கு எந்த மலையில் மரத்தைத் தேடுவது? அம்மாவின் எதிரில் தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

"நீ சாப்பிடலன்னா ராணியும் சாப்பிட மாட்டா" என்றேன். "இன்னிக்கும் மாட்டா, நாளைக்கும் மாட்டா. அப்படித்தான் எழுதப் போறேன்."

அம்மா என்னை ஏற இறங்கப் பார்த்தாள். வேடிக்கைக்குச் சொல்கிறேனா என்று பார்த்திருப்பாள். அப்புறம் தட்டைத் தன் பக்கம் இழுத்து, ஒரு வாய் எடுத்து மென்றாள்.

"ராணி சாப்டாளா?" என்றாள்.

"இன்னும் இல்ல."

"போட்டுக்கினு வந்து உக்காரு."