தோல் பிடிவிட்ட வருஷம்

என் மகள் வாய்விட்டுத்தான் படிப்பாள். கண்ணால் மட்டும் படித்தால் அவளுக்கு ஏறாது. எதிரே ஓர் ஆள் உட்கார்ந்திருக்க வேண்டும். அந்த ஆள் நான்.

புந்தோங்கில் முறுக்கும் கச்சாங் கடலையும் போடும் வீடு ஒன்றில் எனக்கு வேலை. பொட்டலம் கட்டும் வேலையை வீட்டுக்கும் எடுத்து வருவேன். நான் சீலர் மெஷினில் பை வாயை மூடிக்கொண்டிருப்பேன். அவள் எதிரே ஒப்பித்துக்கொண்டிருப்பாள். தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் ஆறாம் வகுப்போடு நின்றவள் நான். சரியா தப்பா என்று எனக்குத் தெரியாது. தெரிய வேண்டாம், கேட்டால் போதும் என்பாள். அவள் அப்பா இறந்த பிறகு வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். கேட்க வேறு யார் இருக்கிறார்கள்?

அந்த வருஷம் அவள் இந்தியாவில் டாக்டர் படிப்பதற்கு நுழைவுத் தேர்வு எழுத இருந்தாள். இங்கே இடம் கிடைக்கவில்லை. மார்க் இருந்தது, இடம் இல்லை. அதைப் பேசி ஒன்றும் ஆகப்போவதில்லை.

செல்லும் செல்லும் எப்படிச் சேர்ந்து நிற்கிறது என்று ஒரு பாடம் வந்தது.

"உடம்பு ஒரே துண்டு இல்லம்மா. எல்லாம் குட்டிக் குட்டி செல்லு. ஒண்ணை ஒண்ணு புடிச்சிக்கிட்டு நிக்குது. புடிக்கிறதுக்குன்னே புரோட்டீன் இருக்கு."

"விட்டுட்டா?"

"விட்டா முடிஞ்சதுலா."

என் கையிலிருந்த பொட்டலத்தை வாங்கிக் காட்டினாள். "நீங்க மூடுறீங்க பாருங்க, காத்து போகாம. இதுதான் டைட் ஜங்ஷன். குடல்ல இருக்கும். ரெண்டு செல்லுக்கு நடுவுல ஒண்ணும் ஒழுக விடாது."

இன்னொன்று கேப் ஜங்ஷன். பக்கத்துச் செல்லுக்குப் போக சின்னக் குழாய். அதன் வழியாகச் செய்தி போகும், உப்பு போகும். எனக்குத் தோட்டத்தில் வரிசையாக ஒட்டிக் கட்டிய லயத்து வீடு ஞாபகம் வந்தது. நடுச்சுவர் கூரை வரைக்கும் போகாது. பக்கத்து வீட்டுக் குழம்பு வாசனையும் வரும், அடி வாங்கும் சத்தமும் வரும். அதை அவளிடம் சொல்லவில்லை. அவளுக்கு நேரம் இல்லை.

மூன்றாவது டெஸ்மோசோம். இதைத்தான் அவள் அதிகம் ஒப்பித்தாள், வாயில் நுழையவில்லை என்று. ரவிக்கையில் வைக்கும் அமுக்குப் பட்டன் மாதிரி. இந்தச் செல்லில் பாதி, அந்தச் செல்லில் பாதி. நடுவே கேட்ஹெரின் குடும்பத்துப் புரோட்டீன்கள் ஒன்றையொன்று பிடித்துக்கொள்ளும். பிடிக்கக் கால்சியம் வேண்டும். உள்பக்கம் கெராட்டின் கயிறு வந்து அந்தப் பட்டனில் கட்டியிருக்கும். இழுபடுகிற இடத்தில்தான் இது நிறைய இருக்கும். தோலில், இருதயத்தில்.

அந்தப் பாடம் முடிந்து கொஞ்ச நாளில் என் வாயில் புண் வந்தது.

முதலில் வாய் மட்டும். மிளகாய் பட்டால் கண்ணில் தண்ணீர் வரும். கஞ்சி குடித்தேன். பிறகு நெஞ்சில், முதுகில் கொப்புளம். தளதளவென்று இருக்கும், தொட்டால் உடையும். குளிக்கும்போது கையால் தேய்த்தேன், தோல் வழுக்கிக்கொண்டு தனியே வந்தது. நல்ல தோல் என்று நினைத்த இடம் அது. சட்டையைக் கழற்றும்போது சத்தம் போடாமல் இருக்கக் கற்றுக்கொண்டேன்.

அம்மை என்றார்கள். அக்கி என்றார்கள். வேலை வீட்டு முதலாளியம்மா வாசலில் நின்றே பேசினார். "ஆறட்டும்க்கா. ஆறினதும் நானே கூப்பிடறேன்." சாப்பாட்டுச் சாமான் போடுகிற இடம். அவரைக் குறை சொல்ல முடியாது. ஆனால் கூப்பிடவே இல்லை.

அண்ணனும் அண்ணியும் குனோங் ராபாட்டிலிருந்து காரில் வந்தார்கள். அண்ணன் அரசாங்க ஆபீசில் இருந்தவர். தோட்டத்தில் அவரைப் படிக்க வைத்தார்கள், என்னை வீட்டில் வைத்தார்கள். அவருக்கு அம்மை போட்டிருந்தபோது பக்கத்தில் உட்கார்ந்து வேப்பிலையால் வீசியது நான்.

"பிள்ளைக்குத் தொத்திக்கிச்சுன்னா பரீட்சை போச்சு," என்றார் அண்ணி. "எங்க வீட்டுல இருக்கட்டும். ஏர்கோன் ரூம் சும்மாத்தானே கிடக்கு. வைஃபை இருக்கு. பரீட்சைக்கும் மாமாவே கொண்டு போய் விடுவாரு."

எனக்கும் அப்போது பயம்தான். அவள் துணிப்பையை நானே கட்டிக் கொடுத்தேன்.

பெரிய ஆஸ்பத்திரியில் தோலில் ஒரு துண்டு வெட்டி எடுத்துப் பார்த்தார்கள். ஒரு மலாய் டாக்டரம்மா நிதானமாகச் சொன்னார். என் இரத்தமே என் தோலை எதிரி என்று நினைத்து அடிக்கிறதாம். நோயின் பெயர் பெம்பிகஸ். "தாக் பெர்ஜாங்கித், காக்," என்றார், தொத்தாது அக்கா என்று. தொத்துமா, யாருக்கும் தொத்தாதா என்று திரும்பத் திரும்பக் கேட்டேன். யாருக்கும் தொத்தாது, பிள்ளையைக் கட்டிப்பிடித்துத் தூங்கலாம் என்றார். ஸ்டீராய்டு மாத்திரை கொடுத்தார். கொப்புளம் குறைந்தது, முகம் வீங்கியது.

அன்றே அண்ணனுக்குப் போன் செய்தேன்.

"டாக்டருங்க ஒண்ணு சொல்லியிருப்பாங்க, நீ ஒண்ணு புரிஞ்சிருப்ப," என்றார்.

"தெளிவாத்தான் கேட்டேன்ணே."

"நீ படிச்சவளா? அவதான் டாக்டருக்குப் படிக்கிறாளே. அவ படிச்சுப் பார்த்துச் சொல்லட்டும். அவ சொன்னா நான் ஒத்துக்கறேன்."

நியாயமாகத்தான் பட்டது. மகள் ஒரு வார்த்தை சொன்னால் போதும். நான் காத்திருந்தேன்.

ஞாயிற்றுக்கிழமைகளில் குனோங் ராபாட் போவேன். எனக்குக் கார் போர்ச்சில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி. கிரில் கதவு பூட்டியிருக்கும். மகள் உள்ளே நின்று பேசுவாள். அண்ணி தூக்கி எறிகிற போலிஸ்டிரின் கோப்பையில் தேத்தண்ணி கொண்டுவந்து கிரில் வழியாக நீட்டுவார். நான் எழுந்ததும் நாற்காலியில் மருந்து தெளித்துத் துடைப்பார். கேட்டைத் தாண்டும்வரைகூடப் பொறுக்க மாட்டார்.

ஒரு ஞாயிறு கொஞ்சம் சீக்கிரமாகப் போய்விட்டேன். அழைப்பு மணியை அழுத்தவில்லை. அறை ஜன்னல் போர்ச் பக்கம்தான். அவள் ஒப்பித்துக்கொண்டிருந்தாள். எதிரே யாரும் இல்லை. அண்ணி வீட்டில் அதற்கெல்லாம் யார் உட்காருவார்கள்?

டைட் ஜங்ஷன் வந்தது. கேப் ஜங்ஷன் வந்தது. டெஸ்மோசோம் இப்போது தட்டாமல் வந்தது. அதற்கப்புறம் புதிதாக ஒன்று சொன்னாள். டெஸ்மோகிளீன் என்ற கேட்ஹெரினை உடம்பே தாக்கினால் தோலின் செல்கள் ஒன்றையொன்று விட்டுவிடும், கொப்புளம் வரும், வாயில் தொடங்கும். அதன் பெயரைச் சொன்னாள். என் நோயின் பெயர். நிற்காமல் அடுத்த பாடத்துக்குப் போனாள்.

ஜன்னலைத் தட்டினேன். கிரில்லுக்கு வந்தாள்.

"இப்ப சொன்னியே, அது எனக்கு வந்ததுதானே?"

"ஆமாம்மா."

"எப்பப் படிச்ச?"

"போன மாசமே. ஆன்லைன் கிளாஸ்ல சார் சொன்னாரு. கேள்வி வரும்னாரு."

"தொத்துமா?"

"அது எப்படிம்மா தொத்தும்? கிருமியே இல்ல. உங்க உடம்புல உள்ள பட்டனை உங்க உடம்பே அவுத்து விடுது. பக்கத்துல இருக்கிறவங்களுக்கு என்ன வரும்?"

அழகாகச் சொன்னாள். டாக்டரம்மாவைவிட நன்றாகப் புரிந்தது. எனக்கு நெஞ்சு லேசானது. அண்ணி கோப்பையோடு வந்தார்.

"அண்ணி, இவ படிச்சிட்டா. என் நோயைப் பத்திக் கேளுங்க," என்றேன். எனக்கு அவசரம்.

அண்ணி அவளைப் பார்த்தார். "என்னம்மா? தொத்துமா தொத்தாதா? தொத்தாதுன்னா நல்லதுதான். நீயும் மூட்டையக் கட்டிக்கிட்டு இன்னைக்கே அம்மாவோட கெளம்பலாம்."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். மகள் அண்ணியைப் பார்த்தாள். பின்னால் இருந்த அறைக் கதவைப் பார்த்தாள். என்னைப் பார்க்கவில்லை.

"அந்தப் பாடம் இன்னும் படிக்கல அத்தே," என்றாள்.

"பார்த்தியா?" என்றார் அண்ணி என்னிடம். "பிள்ளையே சொல்லுது. பேசாம இரு. ஆறட்டும்."

கோப்பையை வாங்கினேன். தேத்தண்ணியைக் குடித்தேன். கோப்பையை நானே குப்பைத் தொட்டியில் போட்டுவிட்டு பஸ்ஸுக்கு நடந்தேன்.

அதற்கப்புறம் பரீட்சை முடியும்வரை போகவில்லை. வீட்டில் வேலை இருக்கிறது என்று போனில் சொன்னேன். வேலை ஏது? என்ன வேலை என்று அவள் கேட்கவும் இல்லை.

பாஸ் பண்ணினாள். இடமும் கிடைத்தது. வழியனுப்ப அண்ணன் வீட்டில் சாப்பாடு போட்டார்கள். போர்ச்சில் கூடாரம் போட்டு எல்லாருக்கும் பிளாஸ்டிக் நாற்காலி, எல்லாருக்கும் காகிதக் கோப்பை. அதனால் வித்தியாசம் தெரியவில்லை.

"பாப்பா டாக்டராகி வந்தா முதல் ஊசி எனக்குத்தான், ஃப்ரீயாலா!" என்றார் அண்ணன்.

"உங்களுக்கு ஊசி பத்தாது மாமா, ஆபரேஷன்தான்," என்றாள். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

கூட்டம் கலைந்ததும் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். கையைப் பிடித்தாள். நல்ல தோல் வந்திருந்தது, புதுத் தோல், நிறம் மட்டும் கறுத்திருந்தது.

"அன்னைக்கு நான் சொல்லியிருந்தா என்னைத் திருப்பி அனுப்பியிருப்பாங்கம்மா. நம்ம வீட்டுல நெட் லைன் கிடைக்காது. பரீட்சை பக்கத்துல வந்துடுச்சு. உங்களுக்குத் தெரியும்தானே?"

"தெரியும்."

"கோவமா?"

"போய் நல்லாப் படி," என்றேன். கேட்டதற்கு அது பதில் இல்லை. அவளுக்கும் தெரிந்திருக்கும்.

இப்போது இந்தியாவில்தான் படிக்கிறாள். போன வாரம் போன் செய்தாள். மாத்திரையைக் குறைத்ததில் எனக்குத் தோளில் மறுபடியும் கொப்புளம் கிளம்பியிருந்தது. அதைச் சொன்னேன். மாத்திரையைப் பற்றி விசாரித்தாள், டாக்டரிடம் போகச் சொன்னாள். பிறகு குரலை இறக்கினாள்.

"அம்மா, உடையறதுக்கு முன்னாடி ஒரு படம் எடுத்து அனுப்பறீங்களா? டெஸ்மோசோம் பத்தி நான்தான் கிளாஸ்ல பேசணும். புத்தகத்துப் படம் எல்லாரும் பார்த்ததுதான்."

"யாருன்னு கேட்டா என்ன சொல்லுவ?"



"பேஷன்ட்னு சொல்லிக்கறேம்மா. பேரு யாரும் கேக்க மாட்டாங்க."

கண்ணாடி முன்னால் நின்று எடுத்தேன். முதல் படம் மங்கலாக இருந்ததால் இன்னொரு தடவையும் எடுத்தேன். கொப்புளம் தெளிவாக விழுந்திருந்தது. கழுத்துக்கு மேலே விழாமல் பார்த்துக்கொண்டேன். மாத்திரையில் வீங்கின முகம்தான், ஆனாலும் மூக்கும் நெற்றியும் அவளுக்கு அப்படியே என்னுடையது. பார்த்தால் யாரும் அம்மா என்று சொல்லிவிடுவார்கள்.

அனுப்பினேன்.