ஏழுக்கும் பன்னிரண்டுக்கும் நடுவே

சுதந்திரம் வந்து பத்து வருடமாகியும் கள்ளக்குறிச்சி கோர்ட்டில் நாங்கள் விக்டோரியா மகாராணி காலத்துச் சட்டத்தை வைத்துத்தான் வாதாடிக்கொண்டிருந்தோம். வக்கீலான எனக்கு அதில் வெட்கம் கிடையாது. ஏழு வயதுக்கு உட்பட்ட குழந்தை செய்வது குற்றமே ஆகாது. ஏழிலிருந்து பன்னிரண்டுக்குள், செய்ததன் விளைவு புரியாத பிள்ளை என்றால் விட்டுவிடலாம் என்றது அது. தன் ஊரில் பிள்ளைகளைச் சிறையில் தள்ளிய காலத்தில்தான் வெள்ளைக்காரன் இதையும் எழுதினான். நல்லதை யார் எழுதினால் என்ன?

தியாகதுருகம் பக்கத்துச் சிறுமி ஒருத்தி பண்ணையாரின் வைக்கோல் போரைக் கொளுத்திவிட்டாள் என்று வழக்கு. தோற்றால் பெற்றோரை விட்டுச் சீர்திருத்தப் பள்ளிக்குப் போக வேண்டும். பார்த்தால் பத்து வயதுதான் சொல்லலாம். பள்ளிச் சான்றிதழோ பன்னிரண்டு முடிந்துவிட்டது என்றது.

தலைமையாசிரியரைச் சாட்சிக்கு அழைத்தேன். அப்போதெல்லாம் வலது கையைத் தலைக்கு மேலாகப் போட்டு இடது காதைத் தொட்டால்தான் ஒன்றாம் வகுப்பில் இடம். இவள் சேர்ந்த அன்று நடந்ததை அவர் கூண்டில் ஏறிச் சொன்னார்.

"கையி எட்டலைங்க. பிள்ளைங்க கம்மியா இருந்தா ஒரு வாத்தியார மாத்திடுவாங்கன்னு நான்தான் ரெண்டு வயசு ஜாஸ்தி போட்டேன்."

தன் வேலைக்கே உலை வைத்துக்கொண்டு அந்த மனிதர் பேசினார். அவரைக் கும்பிடத் தோன்றியது எனக்கு.

வயது விஷயம் தீர்ந்தது. இனி அவள் பேச வேண்டும். எதைக் கேட்டாலும் 'தெரியாதுங்க' என்று சொல்லும்படி பாடம் நடத்தியிருந்தேன். முந்தின நாள் தப்பில்லாமல் ஒப்பித்தும் காட்டினாள்.

மாஜிஸ்திரேட் மெதுவாகக் கேட்டார்.

"நெருப்பு வச்சா எரியும்னு தெரியுமா?"

"தெரியும்ங்க."

எனக்கு அவள்மேல் கோபம் கோபமாக வந்தது.

"அப்புறம் ஏம்மா வச்ச?"

"போர்ல கொளவி கூடு கட்டிக்கினு இருந்திச்சிங்க. தம்பிய கொட்டிடுச்சி. கொளவி மட்டுந்தான் எரியும்னு நெனச்சேங்க."

நான் எழுதி வைத்திருந்த வாதத்தில் இதற்கு ஈடாக ஒரு வரி இல்லை. அன்றைக்கே அவளை விடுவித்தார்கள்.

வெளியே வந்ததும் அவள் அழ ஆரம்பித்தாள். "நீங்க சொல்லிக் குடுத்தது மறந்துபூட்ச்சிங்க."

"மறந்ததாலதாம்மா நீ வூட்டுக்குப் போற" என்றேன்.