மாவில் வரைந்த நத்தை ஓடு

அந்த நத்தை ஓட்டை நான் கண்டதில்லை. அதன் படத்தைத்தான் கண்டேன், புலம்பெயர்ந்து வந்து நான் வேலை செய்த ரெக்ஸ்டேல் பேக்கரித் தொழிற்சாலையில், சில்வர் மேசையில் சிந்திக் கிடந்த கோதுமை மாவில். எங்கள் பகுதி சூப்பர்வைசர் சுட்டுவிரலால் ஒரு சுழி போட்டு, அதன் இரண்டு பக்கமும் கயிறு மாதிரிக் கோடு இழுத்து, தன் கழுத்தைத் தொட்டுக் காட்டினார். பிறகு உள்ளங்கையால் அதை வழித்துத் துடைத்துவிட்டு வேலையைப் பார்க்கப் போனார்.

எல்லாம் நான் சிரிப்புக்குச் சொன்ன வீட்டுக் கதையால் வந்தது. பிள்ளைகள் தமிழை மறந்துவிடக் கூடாதென்று என் கணவர் ஒரு விளையாட்டுக் கண்டுபிடித்திருந்தார். வீட்டில் ஆங்கிலம் பேசுகிறவரின் தோளில் கை துடைக்கும் துணி ஏறும். இன்னொருவர் ஆங்கிலம் பேசும்போது பிடித்துக் கொடுத்தால் துணி அவருக்கு மாறும். சாப்பாடு முடியும்போது அது யார் தோளில் கிடக்கிறதோ அவருக்குத்தான் கோப்பை கழுவும் வேலை. ஒருநாள் சோபாவில் மகன் கண்ணயர்ந்திருக்க, மூத்தவளான மகள் பக்கத்திலேயே காவல் இருந்தாள். “அம்மா, இவன் நித்திரையிலயும் இங்கிலிஷ்தான் கதைக்கிறான், துணியைப் போடுங்கோ.” இதைத்தான் சொல்லிச் சிரித்தேன். எதற்கும் சத்தமாகச் சிரிக்கிற சூப்பர்வைசர் சிரிக்கவில்லை. பிடித்துக் கொடுப்பது யார் என்று மட்டும் கேட்டார். பிறகுதான் அந்தப் படத்தை வரைந்தார்.

அவர் டோகோ நாட்டுக்காரர். அங்கே அரச கருமமொழி, அதாவது ஆட்சிமொழி, பிரெஞ்சு. அவர்கள் வீட்டில் பேசியது எவே. வடக்கே போனால் கபியே, இன்னும் கொஞ்சம் போனால் வேறொன்று. பள்ளிக்கூடத்துக்குள் பிரெஞ்சைத் தவிர வேறெதுவும் நுழையக் கூடாது. சொந்த மொழியில் வாய் திறந்த பிள்ளையின் கழுத்தில் நத்தை ஓடு கோத்த கயிற்றை மாட்டுவார்கள். வேறொரு பிள்ளையைப் பிடித்துக் கொடுத்தால்தான் அதைக் கழற்றலாம். கடைசி மணி அடிக்கும்போது அது யார் கழுத்தில் கிடக்கிறதோ அந்தப் பிள்ளைக்குப் பிரம்படி. அரச கருமமொழி என்றால் என்னவென்று எனக்கும் தெரியும். சிங்களப் பரீட்சை எழுத மறுத்து, பதவி உயர்வு இல்லாமலே ஓய்வு பெற்ற ஒரு அரசாங்கக் கிளாக்கரின் மகள் நான். ஆனால் பிள்ளையைக் கொண்டு பிள்ளையைப் பிடிக்கிற வேலை எனக்குப் புதிது.

ஒருநாள் அந்த ஓடு அவர் கழுத்தில் கிடந்தது. மணி அடிக்கும் நேரம் நெருங்கிக்கொண்டிருந்தது. அப்போதுதான் பள்ளிக்கூடம் வரத் தொடங்கியிருந்த தம்பி முற்றத்தைக் கடந்து அவரிடம் ஓடிவந்து, எவேயில், அண்ணா பசிக்கிறது என்றான். அவர் கையை உயர்த்தி ஆசிரியரைக் கூப்பிட்டார்.

அதற்குப் பிறகு தம்பி அவரோடு பிரெஞ்சில் மட்டும்தான் பேசினான். தாயோடு எவே, மனைவியோடு எவே, ஆட்டை மேய்க்கும்போதுகூட எவே. அண்ணனோடு மட்டும் மரியாதையான, பிழையில்லாத பிரெஞ்சு. சண்டையென்றால் சமாதானம் பேசலாம், மரியாதையை வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று சூப்பர்வைசர் கேட்பார்.

அவர் எனக்கு அந்தப் படத்தை வரைந்து காட்டிய வருடம் தம்பி ஊரில் ஆஸ்பத்திரியில் கிடந்தார். வயிற்றில் நோய், இனி ஒன்றும் செய்வதற்கில்லை என்று சொல்லிவிட்டார்கள். சாப்பாட்டு நேரத்தில் சூப்பர்வைசர் போனை ஸ்பீக்கரில் போட்டு மேசையில் வைத்துவிட்டுக் குனிந்திருப்பார். போவதற்கு முன் தம்பி தங்கள் மொழியில் தன்னோடு ஒரு வார்த்தை பேச வேண்டும், அவ்வளவுதான் அவருக்கு. கேட்டு வாங்க அவர் விரும்பவில்லை. எனக்கு இரண்டு மொழியும் தெரியாது. ஆனால் பக்கத்தில் இருந்து கேட்டுக் கேட்டு பிரெஞ்சின் சத்தம் பழகிவிட்டது.

ஒரு மத்தியானம் போனிலிருந்து வந்தது அந்தச் சத்தம் அல்ல. தணிந்து, கொஞ்சம் இழுத்து, ஒரு குழந்தை சிணுங்குவது போல வந்தது. சூப்பர்வைசர் கதிரையை விட்டு எழுந்துவிட்டார். வாய் திறந்து பதில் சொன்னார். சொன்னது பிரெஞ்சில்.

அவ்வளவு காலப் பழக்கம். தம்பியின் குரலுக்கு அவருடைய நாக்கு வேறொன்றும் அறியாது. அந்தப் பக்கமிருந்து பிரெஞ்சில் ஒரே ஒரு சொல், அதோடு தொடர்பு அறுந்தது.

“பசிக்கிறது என்றான்,” என்றார் என்னிடம். “டாக்டரிடம் கேள் என்றேன்.”

திரும்ப எடுத்தபோது தம்பியின் மனைவி, அவர் நித்திரை என்றாள். அடுத்த நாள் அவளேதான் எடுத்தாள், செய்தி சொல்ல.

அதன் பிறகும் அவர் சாப்பாட்டு நேரத்தில் போனை முன்னால் வைப்பார். திரை இருண்டு கிடக்கும். அதைப் பார்த்துத் தங்கள் மொழியில் ஏதோ சொல்வார், கொஞ்சம் பொறுப்பார், மறுபடி அதையே சொல்வார். என்னவென்று ஒருநாள் கேட்டேன். வா தம்பி, சாப்பிடலாம் என்று கூப்பிடுகிறாராம். எனக்குப் பயமாக இருந்தது. அன்று வீட்டுக்குப் போனதும் முதல் வேலையாக அந்தத் துணியைக் குப்பையில் போட்டேன். கணவருக்குக் கோபம். பிள்ளைகளுக்குப் பெரிய சந்தோசம்.

சூப்பர்வைசர் வேலையை விட்டு எங்கே போனாரோ தெரியாது. பிள்ளைகள் வளர்ந்துவிட்டார்கள். மகள் விட்பியில் இருக்கிறாள், மகன் அஜின்கோர்ட்டில் எங்களோடு. என்னோடு இரண்டு பேரும் நல்ல தமிழ் பேசுவார்கள், தங்களுக்குள் ஆங்கிலம்தான். போன ஞாயிற்றுக்கிழமை மகள் வந்திருந்தாள். நான் ரொட்டிக்கு மாப் பிசைந்துகொண்டிருந்தேன். ஹோலில் மகனின் குரல் கேட்டது, சின்னப் பிள்ளை மாதிரி, விளையாட்டாக. “அக்கா, பசிக்குது.”

என் கை மாவில் நின்றுவிட்டது. மகள் என்ன சொல்லப் போகிறாள் என்று காத்திருந்தேன்.

“ஃபுட் வில் பி ரெடி சூன், ஜஸ்ட் வெயிட்,” என்றாள்.

அவள் பிழையாக ஒன்றும் சொல்லவில்லை. அவனும் சிரித்துக்கொண்டுதான் போனான். குனிந்து பார்த்தேன். என் விரல் பலகையில் சிந்திய மாவில் ஒரு சுழி போட்டிருந்தது. சூப்பர்வைசர் செய்தது போல உள்ளங்கையால் வழித்தேன். பிறகு ஹோல் பக்கம் திரும்பி, வா தம்பி, சாப்பிடலாம் என்று கூப்பிட்டேன். ரொட்டி இன்னும் சுடவே தொடங்கவில்லை.