அளவு நோட்டில் ஒரு பக்கம்

கட்டிங் மாஸ்டர் கோர்ட்டில் எழுந்து நின்று, "தப்பு என்னோடதுதான்மா, முன்ஜாமீன் எனக்கு வேணாம்" என்று சொல்லி, மனுவை நாலாகக் கிழித்துப் போட்டுவிட்டு, தானாகவே போய்ப் போலீஸ் ஜீப்பில் ஏறி உட்கார்ந்தாராம். நீதிபதியம்மாவே கண்ணைத் துடைத்துக்கொண்டாராம். சலூனில் இதுதான் பேச்சு. பேசினவர்களில் ஒருவர்கூடக் கோர்ட் பக்கம் தலை வைத்துப் படுத்ததில்லை. நடந்த கதை வேறு.

சட்டைக் கம்பெனியில் மாஸ்டர் வைத்ததுதான் சட்டம். பத்துத் தையல் மெஷின், நடுவில் அவருடைய வெட்டு மேசை, கழுத்தில் மாலை மாதிரி இஞ்ச் டேப். முதலாளி வருஷத்துக்கு ஒருமுறை எல்லோருக்கும் சட்டைத் துணி கொடுப்பார். மாஸ்டர் ஒவ்வொருவராகக் கூப்பிட்டுத் தோள், மார்பு, கை என்று டேப் வைத்து அளப்பார். "மூச்சை உள்ள இழுக்காதீங்கண்ணே, நாளைக்கு பட்டன்தான் தெறிக்கும்!" என்று தொப்பையைத் தட்டுவார். நோட்டில் ஆளுக்கு ஒரு பக்கம், வருஷத்துக்கு ஒரு வரி.

மூலையில் துணி தேய்க்கிற அயர்ன்காரர் முறை வந்தால் மட்டும் டேப் கழுத்திலேயே கிடக்கும். மாஸ்டர் ரெண்டடி தள்ளி நின்று ஏற இறங்கப் பார்ப்பார். "ம், போ." அவ்வளவுதான். ஏன் என்று யாரும் கேட்டதில்லை. அயர்ன்காரர் என்ன சாதி என்று எல்லோருக்கும் தெரியும், கேட்பானேன்?

ஆறாவது வருஷம், மாஸ்டர் அதேபோலப் பார்த்து நோட்டில் எழுதி முடித்ததும், அயர்ன்காரரே கேட்டுவிட்டார்.

"ஏன் மாஸ்டர், எல்லாரையும் கட்டிப்பிடிக்காத குறையா அளக்கறீங்க. என்னை அளந்தா டேப்பு தேஞ்சிடுமா?"

மெஷின்கள் நின்றன. யாரோ களுக்கென்று சிரித்தார்கள். அந்தச் சிரிப்புதான் மாஸ்டருக்குச் சுருக்கென்றது. சாதிப் பெயரைச் சொல்லி, "உங்க ஆளுங்க மேல பட்ட டேப்பை நான் கழுத்துல போட்டுக்கணுமாடா?" என்றார். கூடவே இன்னொரு வார்த்தையும் விட்டார். அதை இங்கே எழுதக் கூசுகிறது.

அயர்ன்காரர் அயர்ன் பாக்ஸை அணைத்தார், சட்டையை மாட்டினார், நேரே போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனார்.

"கைதானா இந்தப் பக்கம் வந்துடாதீங்க" என்று முதலாளி முகத்துக்கு நேராகவே சொல்லிவிட்டார். மாஸ்டர் வக்கீலிடம் ஓடினார்.

"இந்த மாதிரி வன்கொடுமை கேஸ்ல முன்ஜாமீன் லேசுல கிடைக்காது" என்றார் வக்கீல். "புகார்ல சத்தே இல்லன்னு ஜட்ஜுக்குத் தோணணும். யார் முன்னாடியாவது சொன்னீங்களா?"

"பத்து மெஷின் இருந்துது சார்."

"மெஷினா வந்து சாட்சி சொல்லப் போகுது? ஆளுங்க இருந்தாங்களா?"

"மெஷினுக்கு ஒரு ஆளு."

வக்கீல் பேனாவை மூடிவிட்டு, மறுபடி திறந்தார். "சரி, நீங்க சொல்லவே இல்லன்னு போடறேன். உங்களுக்குள்ள நல்ல பழக்கம்னு காட்ட ஏதாவது இருக்கா?"

மாஸ்டர் முகம் மலர்ந்தது. "ஆறு வருஷமா அவனுக்கு நான்தானே சார் அளவெடுத்து சட்டை தெச்சேன்! நோட்டே இருக்கு."

நோட்டும் மனுவோடு போனது. வக்கீல் அதைப் புரட்டவில்லை. தையல் நோட்டில் அப்படி என்ன இருந்துவிடப் போகிறது என்று விட்டுவிட்டார். மாஸ்டர் புரட்டினார். அதில் பார்க்க எதுவும் இருப்பதாகவே அவருக்குத் தோன்றவில்லை. பழக்கம் அப்படி.

மனு விசாரணைக்கு வரும் வரைக்கும் கைது வேண்டாம் என்று உத்தரவு வாங்கியிருந்தார்கள். அதனால் மாஸ்டர் தைரியமாக மனைவியோடு வந்து கோர்ட்டின் பின்வரிசையில் நின்றார். அயர்ன்காரரும் வந்திருந்தார், மாஸ்டர் தைத்த சட்டையில், மடிப்புக் கலையாமல்.

"கையால் அளவெடுத்துச் சட்டை தைத்துக் கொடுத்தவர், சாதி பார்ப்பாரா?" என்று வக்கீல் முழங்கினார்.

நீதிபதியம்மா நோட்டைப் புரட்டினார். பக்கத்துக்குப் பக்கம் எண்கள். ஓரிடத்தில் விரல் நின்றது.

"இவர் பக்கத்துல மட்டும் ஒரு நம்பரும் இல்லையே. ஆறு வரியிலயும் 'கண்'னு மட்டும் எழுதியிருக்கு. அப்படின்னா என்ன?"

வக்கீல் திரும்பி மாஸ்டரைப் பார்த்தார்.

"நான் சொல்லலாமாம்மா?" அயர்ன்காரர் எழுந்தார். "கண்ணாலயே அளந்ததும்மா. மேல கை படாம."

"சட்டை சரியா இருக்கா?"

"கச்சிதமா இருக்கும்மா. தொழில்ல அவரைக் குறை சொல்ல முடியாது."

அதை அவர் குத்தலாகச் சொல்லவில்லை. மாஸ்டருக்குக் காதுமடல் கொதித்தது. திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பார்.

பக்கத்தில் மனைவி மெல்லக் கேட்டாள்: "ஆறு வருஷமாவா?"

மாஸ்டரின் கை தானாகக் கழுத்துக்குப் போய் டேப்பைத் தேடியது. அங்கே ஒன்றும் இல்லை.

மனு தள்ளுபடி. சாயங்காலத்துக்குள் கைது. பதினெட்டு நாள் கழித்து ஜாமீனில் வந்தார். வேலை போய்விட்டது, வழக்கு நடக்கிறது. இப்போது வீட்டிலேயே கிழிசல் தைக்கிறார். யார் வந்தாலும் டேப் வைத்துத்தான் அளக்கிறார். மனைவி வாசற்படியில் நின்று பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

போன வாரம் சலூனில், முகத்தில் சோப்பு நுரையோடு உட்கார்ந்திருந்த மாஸ்டரிடம் சலூன்காரர் ஆரம்பித்தார்.

"மனசாட்சின்னா நம்ம மாஸ்டர்தான்! மனுவையே கிழிச்சுப் போட்டுட்டீங்களாமே?"

மாஸ்டர் கத்தியைத் தள்ளிவிட்டு நிமிர்ந்தார்.

"யாருய்யா கிழிச்சது? கடைசி வரைக்கும் நான் சாதியைச் சொல்லித் திட்டவே இல்லன்னுதான் நின்னேன். நோட்டுதான் காட்டிக் குடுத்துது. அந்தப் பக்கத்துல நாலு நம்பர் மட்டும் எழுதி வெச்சிருந்தேன்னா, முன்ஜாமீனை வாங்கிட்டு, இன்னைக்கும் அதே பொய்யைத்தான் உங்கிட்ட சொல்லிட்டிருப்பேன்."