வாரேன் என்று சொல்லிப் போனவர்

எங்கள் ஊரில் வீட்டைவிட்டுக் கிளம்புகிற யாரும் 'போறேன்' என்று சொல்ல மாட்டார்கள். 'வாரேன்' என்றுதான் சொல்வார்கள். 'போயிட்டார்' என்றால் அது சாவு வீட்டுப் பேச்சு. இது புரியாத ஒரு பித்தளைத் தட்டு, போன அருவி சீசனில் என் வீட்டுக்காரரைப் படுத்திய பாடு கொஞ்சமல்ல.

சாரல் விழுந்துகொண்டிருந்த ஒரு நாள், ஐந்தருவிக்குப் போகிற வழியில், பழக்கடைகளுக்கு நடுவே ஒரு மலையாளத்துக்காரர் சாக்கு விரித்து உட்கார்ந்திருந்தார். சாக்கில் அந்தத் தட்டு. தோசைக்கல் அளவு. ஒன்றுக்குள் ஒன்றாக வளையங்கள், நடுவில் ஆடிக்கொண்டே இருக்கும் ஒரு முள்.

"இது சமயம் காணிக்கும், அம்மச்சி" என்றார்.

காணிக்கும் என்றால் காட்டும் என்று புரிந்தது, ஆனால் என் வீட்டுக்காரருக்குச் சமயம் என்றால் சாமி காரியம். "பூசைக்கு ஆகும்ட்டி" என்று வாங்கிவிட்டார். மலையாளத்தில் சமயம் என்றால் நேரம் என்று பிறகுதான் தெரிந்தது. போலீஸ் வேலையில் ஊரையே விசாரித்தவர், இதை மட்டும் விசாரிக்கவில்லை.

தென்காசிக்கு வந்ததும் பூசை அலமாரியில் வைத்துத் தண்ணீர் ஊற்றினார். முள் தானாகச் சுற்றியது. பால்மேல் ஆடை படிகிற மாதிரி தண்ணீர்மேல் கோடுகள் படிந்தன. உற்றுப் பார்த்தால் எங்கள் வீடு. முன்வாசல், கூடம், அடுப்படி, பின்வாசல். உள்ளே இரண்டு புள்ளிகள், அவரும் நானும். நான் எழுந்திருக்கும் முன்பே என் புள்ளி எழுந்து அடுப்படிக்கு நடந்தது.

"ஏங்க, அடுப்படிக்கும் பின்வாசலுக்கும் நடுவுல ஒரு ரூம் தெரியுது. நமக்கு அங்கன வெறும் சுவருதான?"

"பிளான் தப்பா இருக்கும்."

"எந்த இஞ்சினீயரு போட்ட பிளானாம்?"

மறுநாள் காலை அவர் முகம் மழித்து, துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு அருவிக்குக் கிளம்பினார். "ஏட்டி, வாரேன்" என்று முன்வாசல் வழியாக இறங்கினார். நான் தேங்காய் துருவிக்கொண்டிருந்தேன். பின்வாசல் திறந்தது. அவர்தான் உள்ளே வந்தார்.

"எதையும் மறந்துட்டீங்களா?"

"இல்லட்டி. நான் தெருவுலதான இறங்குனேன்?"

மறுபடியும் 'வாரேன்' என்று கிளம்பினார். இந்தத் தடவை நான் பின்னாலேயே போய்ப் பார்த்துக்கொண்டு நின்றேன். வாசல்படியில் கால் வைத்தார். ஆளைக் காணோம். எனக்குப் பின்னால் கதவு கிறீச்சிட்டது. திரும்பினால் அவர். காலையில் மழித்த கன்னத்தில் நரைத்த தாடி. உதடு வெடித்திருந்தது.

"ஒரு ரூமு. ஜன்னலே இல்ல. கதவத் தேடித் தேடித் தூங்கிட்டேன். முழிச்சேன், திரும்பத் தேடுனேன்... தண்ணி குடுட்டி."

செம்புத் தண்ணீர் முழுவதையும் ஒரே மூச்சில் குடித்தார். நெஞ்சில் ஆபரேஷன் ஆனவர். வேளை தவறாமல் மாத்திரை போட வேண்டியவர். அந்த அறையில் மாத்திரைக்கு எங்கே போவார்?

ஓடிப் போய்த் தட்டைப் பார்த்தேன். அவருடைய கோடு முன்வாசலில் புறப்பட்டு, அந்த இல்லாத அறைக்குள் சுற்றிச் சுற்றிக் கிடந்து, பின்வாசலில் முடிந்தது. தண்ணீரைக் கொட்டிவிடலாம் என்று கவிழ்த்தேன். ஒரு சொட்டுகூட விழவில்லை. அவர் நாற்காலியில்தான் உட்கார்ந்திருந்தார். ஆனால் அவர் புள்ளி மெல்ல அறையைப் பார்த்து நகரத் தொடங்கியது. புள்ளி முதலில் போகும், பின்னால் ஆள் போவார். இன்னொரு தடவை உள்ளே போனால் மூச்சோடு வெளியே வருவாரா?

அப்போதுதான் எனக்கு உறைத்தது. இவர் 'வாரேன்' என்கிறார். சொன்னதை அப்படியே பிடித்துக்கொள்கிற அந்தச் சனியன் பிடித்த தட்டு, வருகிற ஆளை வெளியே விடுமா? வீட்டுக்குள் கொண்டுவந்து சேர்க்கிறது.

"ஏங்க, அந்த ரூமு இழுக்கதுக்கு முன்ன 'போறேன்'னு சொல்லிட்டு வெளிய இறங்குங்க."

"என்னட்டி சொல்லுத? ஆபரேஷனுக்குத் தள்ளிட்டுப் போறப்பகூட 'வாரேன்'னுதான சொன்னேன். இப்ப ஒரு எவர்சில்வர் தட்டுக்குப் பயந்து..."

"பித்தளைங்க."

"ரொம்ப முக்கியம்!"

"நீங்க சொல்லாட்டி நான் சொல்லுதேன். போங்க."

வாசலில் நிற்கிற மனுஷரைப் பார்த்து அந்தச் சொல்லை நான் சொன்னதே இல்லை. அவர் என்னையே பார்த்தார். "போறேன்" என்றார். பாதிதான் வெளியே வந்தது. இறங்கினார்.

பின்வாசலையே பார்த்துக்கொண்டிருந்தேன். திறக்கவில்லை. தட்டில் அவர் கோடு தெருவைத் தாண்டி விளிம்புவரை ஓடி, அதோடு அறுந்தது. எனக்குச் சந்தோஷம் வரவில்லை. போகச் சொன்னேன், போய்விட்டார். வாங்க என்று யார் சொன்னது?

மதியம்வரை அவர் போனை எடுக்கவில்லை. அடித்துக்கொண்டே இருந்தேன். கடைசியில் எடுத்தார்.

"தண்ணி நல்லா விழுதுட்டி."

"குளிச்சது போதும். 'வாரேன்'னு சொல்லுங்க."

"சொல்ல மாட்டேன். அந்த ரூமுக்குள்ள திரும்பப் போகவா?"

"அங்கன நின்னுக்கிட்டு இங்கன வாரதுக்குத்தான சொல்லச் சொல்லுதேன். இது நெசமான வாரேன்."

"சும்மா பஸ் ஏறுதேன்."

"சும்மா ஏறி, வராமலே போயிட்டீங்கன்னா?"

எனக்கு அழுகை முட்டியது. அழுதால் அவரும் பயப்படுவார். அதனால் எங்கள் பழைய சண்டையைக் கிளப்பி வம்புக்கு இழுத்தேன்.

"என்னை ஏமாத்திக் கட்டிக்கிட்ட ஆளுக்கு ஒரு வார்த்த சொல்ல இம்புட்டு பயமா?"

"யார யாருட்டி ஏமாத்துனது? இரு, வாரேன்!"

கோபத்தில் சொல்லிவிட்டார். தட்டின் விளிம்பில் அருவி ரோடு கோடாகப் படிந்து, அதில் ஒரு புள்ளி முளைத்தது. பஸ் மாதிரியே நின்று நின்று நகர்ந்தது. வழியில் மேலகரத்தில் நின்றது. தென்காசிக்குள் வந்தது. எங்கள் தெருவில் திரும்பியது. வீட்டுக்கு முன்னால் வந்து, முன்வாசலுக்கும் அந்த அறைக்கும் நடுவில் ஊசலாடியது.

அதற்குமேல் என்னால் பார்க்க முடியவில்லை. பின்வாசலைத் தாழ் போட்டேன். முன்வாசலை அகலத் திறந்துவைத்து ஓடிப்போய் நின்றேன்.

ஈரத்துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு தெருவில் விறுவிறுவென்று வந்துகொண்டிருந்தார். "யார யாருட்டி ஏமாத்துனது?" என்று அங்கிருந்தே சத்தம் போட்டார். அவர் வாசல்படியில் கால் வைக்கும் முன்பே எட்டிச் சட்டையைக் கொத்தாகப் பிடித்து உள்ளே இழுத்தேன். பொத்தான் தெறித்து விழுந்தது. பிடித்த பிடியை நான் விடவில்லை.