சூசையம்மா மீன்

அமல்ராஜ் எனக்குத் தாய்மாமன். என் அம்மா சூசையம்மாவின் கூடப்பிறந்த ஒரே தம்பி. இதை ஒரு தடவை சொல்லிவிட்டேன், போதும். இனி அவனை மாமா என்று எழுத எனக்குக் கை வராது.

எஹலியகொடைக்கு மேலே இருக்கும் இறப்பர் தோட்டம் எங்களுடையது. எங்களுடையது என்றால் சொந்தம் இல்லை, நாங்கள் அங்கே வேலை செய்தோம், அவ்வளவுதான். 1992இல் மரம் முறிந்து விழுந்து என் அப்பா யோசப் செத்துப்போனார். எனக்கு அப்போது எட்டு வயது. அதன் பிறகுதான் அம்மா மீன் விற்கத் தொடங்கினார். விடிந்ததும் இறப்பர் பால் வெட்டப் போவார். பதினொரு மணிக்குப் பாலை நிறுத்துக் கொடுத்துவிட்டு, கையில் ஒட்டிய பாலை உரித்துக்கொண்டே சந்திக்கு இறங்குவார். நீர்கொழும்பிலிருந்து வரும் லொறியில் ஒரு பேசின் மீன் எடுத்து, சும்மாடு வைத்துத் தலையில் தூக்கிக்கொண்டு, தொழிலாளர் வீட்டு வரிசைகளான ஐந்து லயமும் சுற்றுவார். லயத்துக்குள் விற்கத் தோட்டத்துத் துரை கொடுத்த அனுமதிக் கடிதம் எங்கள் வீட்டில் மாதா படத்துக்குப் பின்னால் இருந்தது.

தராசு கிடையாது. வாழை இலையில் கூறு போட்டுத்தான் விற்பார். சாளை என்றால் ஒரு கூறில் இத்தனை, பலயா மாதிரிப் பெரிய மீன் என்றால் இவ்வளவு கனத் துண்டு என்று அவருக்குக் கண்ணே அளவு. பழைய மீனை மட்டும் தொடவே மாட்டார்.

"ஜெனிற்றா, செவுளத் தூக்கிப் பாரு. செவப்பா இருந்தா கூறு போடு. மங்கிப் போயிருந்தா நாய்க்குப் போடு. நம்ம பேருல கெட்ட மீன் போகக் கூடாது" என்று என்னிடம் சொல்வார்.

வெள்ளிக்கிழமைகளில் அம்மாவின் சுற்று பார்க்க வேடிக்கையாக இருக்கும். இந்து வீடுகளில் அன்றைக்குக் கவிச்சி ஆகாது. கன்னையா அண்ணன் மீன் பேசினைத் தூரத்தில் கண்டாலே விளக்குமாற்றைக் கையில் எடுத்துக்கொண்டு வாசலுக்கு வந்துவிடுவார். பக்கத்து வேதக்கார வீட்டிலோ வெள்ளிக்கிழமை இறைச்சிதான் ஆகாது, மீன் வேண்டும். ஒரே லயத்தில் ஒரு வாசலில் திட்டும் அடுத்த வாசலில் வரவேற்பும் வாங்கிக்கொண்டு அம்மா சிரித்தபடி நடப்பார். ஈஸ்டருக்கு முந்திய தபசு காலத்தில் ஒரு மணி நேரத்தில் பேசின் காலியாகிவிடும். தோட்டத்தில் யாரும் "மீன் வந்திருச்சு" என்று சொல்வதில்லை, "சூசையம்மா மீன் வந்திருச்சு" என்றுதான் சொல்வார்கள். டவுனில் வாங்கி வந்தால், இது சூசையம்மா மீன் மாதிரி இல்லையே என்று குறை சொல்வார்கள்.

மாதம் ஒரு முறை பூசைக்கு வரும் ஃபாதர் ஒரு தபசு ஞாயிற்றில் இதைப் பற்றியே பிரசங்கம் வைத்தார். வெள்ளிக்கிழமை இறைச்சி வேண்டாம் என்று திருச்சபை சொன்னதால் ஐரோப்பாவில் மீன் வியாபாரம் வளர்ந்ததாம். பூசைக்கு வைன் வேண்டும் என்பதால், திராட்சை விளையாத குளிர் தேசங்களுக்கும் வைன் கப்பலேறிப் போனதாம். போர்த்துக்கேயர் இந்தக் கரைக்கு வந்தபோது, அவர்கள் கப்பலிலும் உப்பு மீனும் வைனும் பீப்பாய் பீப்பாயாக இருந்தனவாம். பூசை முடிந்ததும் அம்மா அவரிடம் போய், "அப்படின்னா நா பாக்குறது ரெண்டுமே கோயில் வேலதானுங்களே சாமி?" என்று கேட்டார். ஃபாதர் விழுந்து விழுந்து சிரித்தார்.

இரண்டும் என்று அம்மா சொன்னதற்குக் காரணம் இருந்தது. ஒவ்வொரு ஒக்டோபரிலும் காய்ந்த திராட்சை, சீனி, கோதுமை, இஞ்சி எல்லாம் போட்டு ஒரு சீன ஜாடியில் கிறிஸ்மஸ் வைன் ஊறவைப்பார். துணியால் வாய் கட்டி, இருபத்தொரு நாள் மரக்கரண்டியால் கிண்டிவிட்டு, பிறகு வடித்து வைப்பார். அதை விற்றதே இல்லை. கிறிஸ்மஸ் காலையில் வேதக்காரர், இந்துக்காரர் எல்லோரும் டம்ளரோடு வருவார்கள். பக்கத்து வீட்டு ஜீவராணி அக்காதான் எப்போதும் முதல் ஆள். "இன்னுங் கொஞ்சம் ஊத்து அக்கா, இது மருந்துதானே" என்று இரண்டாவது தடவையும் டம்ளரை நீட்டுவார்.

1998இல் அம்மாவுக்குக் கழுத்து வலி வந்தது. அமல்ராஜ் வாடகைக்கு த்ரீவீல் ஓட்டிக்கொண்டிருந்தான். "நீ ஏன் அக்கா சொமக்கிற? பெட்டியில ஐஸ் போட்டு நா ஏத்திட்டு வாறேன்" என்றான். தம்பிக்கு எவ்வளவு பாசம் என்று அம்மா ஊரெல்லாம் சொல்லித் திரிந்தார்.

புத்தருக்குரிய பௌர்ணமியான வெசாக் போயாவுக்கு முந்திய நாள் பகல். போயாவுக்குச் சாராயக் கடைகள் இரண்டு நாள் பூட்டு. அம்மாவும் அமல்ராஜும் மீனோடு வந்த த்ரீவீலைப் பாலத்தடியில் பொலிஸ் மறித்தது. சார்ஜன்ட் ஒருவர் ரெஜிஃபோம் ஐஸ் பெட்டியைத் திறந்து, மீனைத் தள்ளி, ஐஸுக்குள் கையை விட்டார். அடியில் பொலித்தீனில் சுற்றிய சாராயப் போத்தல்கள். அம்மா திரும்பி அமல்ராஜின் முகத்தைப் பார்த்தாராம். அவன் மீனைப் பார்த்துக்கொண்டிருந்தானாம்.

பெட்டி யாருடையது என்று சார்ஜன்ட் சிங்களத்தில் கேட்டார். அமல்ராஜ் அம்மாவின் காதருகே குனிந்தான்.

"அக்கா, எங்கிட்ட ஐடி இல்ல. சண்ட நடக்குற நேரம். உள்ள போட்டா புலின்னு சொல்லிக் கொண்டு போயிருவாங்க. நீ பொம்பள, தண்டம் கட்டச் சொல்லி விட்டுருவாங்க. நா வெளிய இருந்தா லயத்துல எல்லாருக்கும் உண்மையச் சொல்லிருவேன். மாதா மேல சத்தியம்."

தமிழ்ப் பையன் ஒருவன் ஸ்டேஷனுக்குப் போனால் எப்போது திரும்புவான் என்று யாருக்கும் தெரியாத காலம் அது. பெட்டி தன்னுடையது என்று அம்மா சொன்னார்.

அதே பின்னேரம் பொலிஸ் எங்கள் லயத்துக்கு வந்தது. இவள் சாராயம் விற்பவளா என்று விசாரித்தார்கள். ஜீவராணி அக்கா முன்னால் வந்து, தெரிந்த சிங்களத்தில், "ஓவ் மாத்தயா, எயா வைன் ஹதனவா" என்றார். ஆமாம் ஐயா, அவள் வைன் செய்கிறவள். அத்தோடு நிற்காமல் எங்கள் அடுப்படிக்குள் வந்து ஜாடி இருந்த மூலையையும் காட்டிக்கொடுத்தார். மே மாதத்தில் ஜாடியில் என்ன இருக்கும்? திறந்தால் வாசம் மட்டும் வந்தது. அந்த வாசமே போதும் என்று தூக்கிக்கொண்டு போனார்கள். ஃபாதர் சொன்ன மீனும் வைனும் கப்பலில் சேர்ந்து வந்தபோது அது சரித்திரம், எங்கள் வீட்டில் அது வழக்கு. வாசலில் கூடி நின்றவர்களில் அந்த ஜாடியிலிருந்து குடிக்காதவர் ஒருவரும் இல்லை. ஒருவரும் வாய் திறக்கவில்லை.

அம்மா கோர்ட்டில் குற்றத்தை ஏற்றுத் தண்டம் கட்டினார். துரை அனுமதிக் கடிதத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டார். இரண்டு மாதத்தில் அதே லயங்களில் விற்க அமல்ராஜுக்குப் புதுக் கடிதம் கிடைத்தது. "என் அக்கா செய்த தவறை நான் செய்ய மாட்டேன்" என்று அவன் எழுதிக் கொடுத்திருந்ததாக ஒபீஸ் கிளாக்கர் சொன்னார். அம்மா நம்பவில்லை.

உண்மையை எப்போது சொல்வாய் என்று கேட்டால், "சண்ட முடியட்டும் அக்கா" என்பான்.

அம்மா பதினொரு வருடம் காத்திருந்தார். பால் மட்டும் வெட்டினார். எங்கள் வீட்டுக்கு மீன் வாங்கவில்லை, தபசு காலத்திலும் பருப்பும் பலாக்கொட்டையும்தான். என்னைப் பள்ளிக்கூடத்தில் சாராயக்காரி மகள் என்றார்கள். நீங்களே உண்மையைச் சொல்லுங்கள் என்று நான் சண்டை போடுவேன். "அவன் சத்தியம் பண்ணியிருக்கான். அவன் வாயால வந்தாதான் சனம் நம்பும்" என்று என்னை அடக்கிவிடுவார்.

2009 மே மாதம் சண்டை முடிந்தது. சந்தியில் பட்டாசு கொளுத்திப் பாற்சோறு கொடுத்தார்கள், எங்கள் லயத்தில் கதவைச் சாத்திக்கொண்டு இருந்தோம். அம்மா மட்டும் மெதுவாக, "இனிமே சொல்லிருவான்" என்றார். ஞாயிற்றுக்கிழமை நல்ல சேலை உடுத்திக் கோயிலில் முன் வரிசை வாங்குப் பலகையில் போய் உட்கார்ந்தார். அமல்ராஜ் வரவில்லை.

வெள்ளிக்கிழமை அவன் ஹோர்ன் அடித்துக்கொண்டு வந்தான். புது வேன். அதன் பக்கத்தில் தமிழிலும் சிங்களத்திலும் பெரிதாக "சூசையம்மா மீன்" என்று எழுதியிருந்தது. தட்டுகளோடு சனம் கூடியது. அம்மா நேரே அவனிடம் போனார்.

"சண்ட முடிஞ்சிருச்சு தம்பி."

"அதெல்லாம் பழைய கத அக்கா. இப்ப யாருக்கு ஞாபகம் இருக்கு? ஒம் பேரத்தானே வேனுக்குப் போட்டிருக்கேன், பாத்தியா?" என்று அவன் பல்லைக் காட்டினான்.

அம்மா பெட்டிக்குள் கை விட்டு ஒரு பலயாவின் செவுளைத் தூக்கிப் பார்த்தார். மங்கிப் பழுப்பாக இருந்தது.

"அந்தச் சாராயம் ஒன்னோடது" என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார். "எம் பேருல போட்ட, ஏத்துக்கிட்டேன். கெட்டுப்போன மீன எம் பேருல விக்காத. வேன்ல இருக்குற எம் பேர அழிச்சிரு."

யாரும் நிமிர்ந்து பார்க்கவில்லை. அம்மா திரும்பி நடந்தார், நான் பின்னாலேயே போனேன். வாசலுக்கு வரும்போது ஜீவராணி அக்காவின் குரல் கேட்டது.

"அமலு, எனக்கு ரெண்டு கூறு போடுப்பா."