எந்தச் சென்றாயன்?

மலைமேல் வளப்பூர் நாட்டுச் (அங்கே பல ஊர் சேர்ந்தால் ஒரு நாடு) சென்றாயன் என்ன வேலை பார்க்கிறான் என்று ஊரில் யாரைக் கேட்டாலும் "கம்ப்யூட்டர் வேலைங்க" என்பார்கள். அதற்கு மேல் கேட்டால் மிளகு விலைக்குப் பேச்சை மாற்றிவிடுவார்கள். சென்றாயனுக்கு அதில் வருத்தமில்லை. ஜன்னலோரம் உட்கார்ந்து அவன் காவல் காப்பது ஒரு கிளஸ்டரை. அதாவது, மும்பைப் பக்கம் எங்கோ ஒன்றாகக் கோத்துவைத்த பத்துப் பன்னிரண்டு கம்ப்யூட்டர்கள். சின்ன ஆஸ்பத்திரிகளில் டாக்டரைப் பார்க்க முன்பதிவு செய்யும் செயலி ஒன்று அவற்றில் ஓடுகிறது. அதை நடத்தும் அவன் கம்பெனி கோயம்புத்தூரில் இருக்கிறது.

அவன் மனைவி மெர்சி தூத்துக்குடிக்காரி, கிராமச் சுகாதாரச் செவிலியர். கல்யாணமாகி நான்கு வருடம் இவர்கள் பிழைப்பு தலைகீழாக இருந்தது. கடற்கரைக்காரிக்கு மலையில் போஸ்டிங், மலைக்காரனுக்குக் கீழே வேலை. சனிக்கிழமை எழுபது கொண்டை ஊசி வளைவும் ஏறி வருவான், ஞாயிறு சாயங்காலம் அந்த எழுபதும் இறங்கிப் போவான். மெர்சி வந்த புதிதில் அவளுடைய அம்மா பஸ்ஸில் கருவாடு கொடுத்தனுப்பினார். கண்டக்டர் விசாரித்தபோது, "மெர்சியா? அப்படி ஆரும் எங்க மலையில இல்லீங்களே" என்று ஊர்க்காரர்கள் அடித்துச் சொல்லிவிட்டார்கள். கருவாடு வந்த பஸ்ஸிலேயே திரும்பிப் போனது. அன்றைக்கு அழுததை மெர்சி இன்றும் சொல்லிக் காட்டுவாள்.

இருவரும் தினமும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடுவது போன தை மாதம்தான் ஆரம்பித்தது. மேலாளர் சுந்தரராஜன், "சரி, மலையிலிருந்தே பாருங்க, பாப்போம்" என்று அரை மனதாகச் சம்மதித்ததில் கிடைத்த பாக்கியம் அது.

அதற்குத்தான் ஆபத்து வந்தது. காலை ஒன்பது மணிக்கு நோயாளிகள் முன்பதிவுக்கு முட்டி மோதும்போது, செல்போனுக்கு வரவேண்டிய ஓடிபி ஐந்து நொடி, பத்து நொடி தாமதித்தது. மக்கள் பொறுமையிழந்து மறுபடி மறுபடி அமுக்கினார்கள். சுந்தரராஜன் போனில் கூப்பிட்டார்.

"நீங்க மேல போன பிறகுதான் இந்தத் தொல்லை. வெள்ளிக்கிழமைக்குள்ள சரியாகலீன்னா பொட்டியக் கட்டிட்டு வந்துருங்க சென்றாயன்."

மெர்சியிடம் சொன்னான். அவள் பாதிச் சாப்பாட்டில் எழுந்து தட்டுக் கழுவப் போய்விட்டாள். திட்டியிருந்தால்கூடத் தேவலை என்றிருந்தது அவனுக்கு.

மூன்று நாள் துருவிப் பார்த்தான். கம்ப்யூட்டர்களில் இடம் இருந்தது. நெட் நன்றாக இருந்தது. ஓடிபி அனுப்பித் தரும் வெளிக் கம்பெனி, "எங்க பக்கம் எல்லாம் சரி" என்று சத்தியம் செய்தது.

வியாழக்கிழமை மாலை மெர்சி செருப்பெல்லாம் செம்மண்ணோடு வந்து அவன் பக்கத்தில் பொத்தென்று உட்கார்ந்தாள்.

"ஒரு பிள்ளைக்குத் தடுப்பூசி போடணும்னு செல்லமுத்து வீட்டைக் கேட்டேங்க. முதல்ல அந்த ஊர்ச் செல்லமுத்துகிட்ட கூட்டிட்டுப் போனாவ. அவர் இல்ல. அடுத்த ஊர்ச் செல்லமுத்து, அவரும் இல்ல. அப்புறம் இந்த நாட்டுல மிச்சமிருக்க செல்லமுத்து. கடைசியிலதான், குண்டனி நாட்டு ஆளா இருக்கும்னு சொல்லுதாவ. அவர் குண்டனி நாடுன்னு நான் முதல்லயே சொன்னேன்!"

"அதெப்படி கண்ணு, நம்மூர்ல பாக்காம வெளியூருக்கு ஆளைத் தாட்டி உட்டா நல்லாவா இருக்கும்?" என்றான் சென்றாயன்.

மெர்சி முறைத்தாள். அப்புறம் அவள் கண் அவன் கம்ப்யூட்டர் திரைக்குப் போனது.

"இதென்ன, ஒரே பேரை நாலு தடவை கேக்குது? மூணு தடவை 'இல்ல, இல்ல'ன்னு வருது?"

அவன் சாவகாசமாக விளக்கினான். கிளஸ்டருக்குள் ஒவ்வொரு நிரலும் ஒரு கன்டெய்னர் பெட்டியில் குடியிருக்கிறது. பெட்டி எந்த நேரமும் செத்துவிடும். அதனிடத்தில் புதுப்பெட்டி பிறக்கும், முகவரியும் மாறிவிடும். அதனால் யாரும் யாருடைய முகவரியையும் மனப்பாடம் செய்வதில்லை. பேரைச் சொல்லி டிஎன்எஸ்ஸைக் கேட்டால், அந்தப் பேருக்கு இன்றைய முகவரி என்ன என்று அது சொல்லும். பெட்டிகளைக் கூட்டம் கூட்டமாகப் பிரித்து வைத்திருப்பார்கள். கேட்கிற பெட்டி, பேரை முதலில் தன் சொந்தக் கூட்டத்தின் பேரோடு சேர்த்துக் கேட்கும். இல்லையென்றால் எல்லாக் கூட்டங்களுக்கும் பொதுவான பேரோடு, அப்புறம் கிளஸ்டர் பேரோடு. அங்கும் இல்லையென்றால்தான் வெளியுலகம்.

"ஓடிபி கம்பெனி வெளியில இருக்குதுன்னு தெரிஞ்சுமா?" என்றாள் மெர்சி.

"தெரிஞ்சுந்தான்."

"அப்ப நான் இன்னிக்கு வெயில்ல அலைஞ்சதும் இதுவும் ஒண்ணுதான?"

சென்றாயன் சிரித்தான். சிரிப்பு பாதியில் நின்றது. அந்த மூன்று 'இல்லை'களையும் அவன் மூன்று நாளாகப் பார்த்துக்கொண்டுதான் இருந்தான். முதலில் சொந்த ஊரில் விசாரிப்பதுதானே முறை என்று வளப்பூர்க்காரன் புத்தி அதில் தப்பே பார்க்கவில்லை. ஒரு ஓடிபிக்கு நான்கு கேள்வி, ஒவ்வொன்றும் பழைய பாணி முகவரிக்கு ஒரு தடவை, புதுப் பாணி முகவரிக்கு ஒரு தடவை, ஆக எட்டு. ஒன்பது மணிக் கூட்டத்தில் டிஎன்எஸ் மூச்சுத் திணறிச் சில கேள்விகளைத் தவறவிடுகிறது. தவறிய கேள்வியை மறுபடி கேட்குமுன் ஐந்து நொடி காத்திருப்பது வழக்கம். இரண்டு முறை தவறினால் பத்து.

பேரின் நடுவே ('டாட் காம்' டாட் மாதிரி) ஐந்து புள்ளிக்குக் குறைந்தால் முதலில் உள்ளூரில் தேடு என்றிருந்த அமைப்பில், அந்த ஐந்தை ஒன்றாக இறக்கினான். புள்ளி வைத்த வெளிப்பேர்கள் இனி நேராக வெளியே போகும். வெள்ளிக்கிழமை ஒன்பது மணிக்கு ஓடிபி கேட்ட மாத்திரத்தில் வந்தது.

சுந்தரராஜனிடம் எதையும் மறைக்கவில்லை. "மலையும் இல்லீங்க சார், நெட்டும் இல்லீங்க. மொத நாளே கண்ணுல பட்டுச்சு. நாந்தான் அதைத் தப்புன்னு நெனைக்கல."

"ஞாயித்துக்கிழமை நேர்ல வாரேன். நீங்க இருக்கறதா, வர்றதான்னு அப்பப் பேசிக்கலாம்" என்றார் சுந்தரராஜன்.

ஞாயிறு மதியத்துக்கே நாட்டுக்கோழிக் குழம்பு தயார். பஸ் வந்துபோன சத்தம் கேட்டது, ஆள் வரவில்லை. ஒன்று அடித்தது, இரண்டு அடித்தது. அவர் போனும் கிடைக்கவில்லை. பாதி வழியிலேயே மனம் மாறித் திரும்பிவிட்டாரோ என்று இருவரும் மாறி மாறி வாசலுக்குப் போய் எட்டிப் பார்த்தார்கள். நான்கு மணிக்கு டீக்கடைச் சின்னுசாமி முன்னே வர, பின்னால் கையில் ஒரு பலாப்பழத்தோடு வியர்த்து வழிந்தபடி வந்தார் சுந்தரராஜன்.

"பஸ் ஸ்டாப்புல சென்றாயன் வீடுன்னு கேட்டேன். ஜீப் ஓட்டற சென்றாயன்கிட்ட கூட்டிட்டுப் போனாங்க, அங்க ஒரு டீ. அப்புறம் மரவள்ளி வியாபாரி சென்றாயன், அவர் கொடுத்ததுதான் இந்தப் பழம். கம்ப்யூட்டர்காரர்னு கத்தறேன், மூணாவது சென்றாயனுக்குக் கிளம்பறாங்க!"

மெர்சி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "அப்புறம் எப்படி சார் வந்தீங்க?"

"அவர் சம்சாரம் பேரு மெர்சின்னேன். அவ்வளவுதாம்மா."

சின்னுசாமிக்குக் கோபமே வந்துவிட்டது. "அதை மொதல்லயே சொல்றதில்லீங்களா? மெர்சி எங்கூட்டுப் புள்ளைங்க. அவளைத் தேடோணும்னு இருக்குதா?"

சுந்தரராஜன் பலாப்பழத்தைக் கீழே வைத்துவிட்டுச் சென்றாயனைப் பார்த்தார். "உங்க தப்பு எங்கிருந்து வந்துச்சுன்னு நடந்தே தெரிஞ்சுக்கிட்டேன். இங்கயே இருங்க. ஆனா வாசல்ல ஒரு போர்டு வைங்க சாமி."

"என் பேரைப் போட்டா எந்தச் சென்றாயன்னு கேப்பாங்க சார்" என்றான் சென்றாயன். "மெர்சி ஊடுன்னே எழுதிப் போட்டர்றேன்."

குழம்பைச் சூடு பண்ணி வருகிறேன் என்று மெர்சி உள்ளே போனாள். வெகு நேரம் அடுப்பைப் பற்றவைக்காமலே நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.